ஐந்தாவது கொம்பு

என் கடைக்குள் ஒருநாள் ஒரு பெண்மணி தலையில் சாரம் கட்டிக்கொண்டு வந்தார்.

சாரம் என்றால் இடுப்பில் கட்டுகிற அதே சாரம்தான். இந்தியாவிலிருந்து படிப்பவர்கள் கைலி என்று வாசித்துக்கொள்ளுங்கள். சிவப்பும் மஞ்சளும் பச்சையும் கட்டம் கட்டமாக ஓடுகிற துணி. எங்கள் ஊர் ஆண்கள் கிணற்றடியில் மடித்துக் கட்டிக்கொண்டு நிற்பார்களே, அது அந்த அம்மாவின் தலையை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தது.

வெளியே மழை. இலண்டனில் அதை மழை என்று சொல்வதற்கு எனக்கு இன்னும் மனம் வருவதில்லை. சத்தம் இல்லாமல் இறங்கி, ஆளை நனைத்துவிட்டு, நான் ஒன்றும் செய்யவில்லையே என்று நிற்கிற ஈரம் அது.

கடை அப்டன் பார்க்கில், நகைக்கடைகள் முடிந்து மீன்கடை தொடங்குகிற இடத்தில் இருக்கிறது. சேலைக்கு ஃபோல்ஸ் வைப்பேன், இறுகிப்போன பிளவுஸைப் பிரித்துப் பெருப்பிப்பேன், ஜீன்ஸுக்குக் கால் வெட்டுவேன். அன்றைக்கு அயன் பெட்டியின் ஆவி எழும்பி வாசல் கண்ணாடி முழுவதும் படிந்திருந்தது. அவர் கதவைத் திறந்து வந்ததை நான் காணவில்லை. அந்த ஆவிக்குள்ளிருந்து நேராக வந்து நின்றதாகத்தான் இன்றைக்கும் ஞாபகம்.

நெடிய கறுப்பினப் பெண்மணி. எழுபதைத் தாண்டியிருக்கும். பையிலிருந்து இன்னொரு கட்டம் போட்ட துணியை எடுத்து மேசையில் விரித்து, ஓரம் பிரிந்திருந்ததைக் காட்டினார்.

நான் வாயை மூடிக்கொண்டு தைத்துக் கொடுத்திருக்கலாம். அது எனக்கு வராது.

"இது எங்கட ஆம்பிளையள் இடுப்பில கட்டிற துணி," என்றேன்.

அவர் மூக்குக்கண்ணாடிக்கு மேலால் என்னைப் பார்த்தார்.

"எங்கட ஊரில பொம்பிளையள் தலையில கட்டிறது. ஆர் பிழையாக் கட்டினது எண்டு பிறகு பேசுவம். முதல்ல ஓரத்தை அடிச்சுத் தா."

இந்த இடத்தில் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். மிஸ் ஓர்லீன் என்ற அந்த அம்மாவுக்குத் தமிழில் ஒரு சொல்லும் தெரியாது. அவர் பேசியது கரீபியன் தீவு ஆங்கிலம். நான் பேசியது யாழ்ப்பாணத்து ஆங்கிலம். பாதி விளங்கும், மீதியை முகத்தைப் பார்த்து நிரப்பிக்கொள்வோம். ஆனால் என் நினைவில் அவர் எப்போதும் எங்கள் தமிழில்தான் பேசுகிறார். எவ்வளவு கூப்பிட்டாலும் ஆங்கிலத்தில் வரமாட்டேன் என்கிறார். வருகிறபடியே எழுதுகிறேன்.

கொம்புகள்

அந்தத் துணிக்கு அவருடைய தீவில் பெயர் மெட்ராஸ். எங்கள் பக்கத்துத் தறிகளில் நெய்து, கப்பலேறி, உலகத்தின் மறுகரைக்குப் போன துணி. அங்கே சந்தைக்காரப் பெண்கள் அதை வாங்கித் தலையில் கட்டித் தங்களுடையதாக்கிவிட்டார்கள்.

கட்டுவதில் ஒரு பாஷை இருந்தது. துணியின் நுனியை மேலே நிமிர்த்தி விடுவார்கள். கொம்பு என்று நான் அதற்குப் பெயர் வைத்தேன். ஒரு கொம்பு என்றால் மனம் இன்னும் காலியாக இருக்கிறது. இரண்டு என்றால் பேசி வைத்தாயிற்று. மூன்று, கலியாணம் முடித்தவள். நான்கு கொம்பு வைத்தவளும் முடித்தவள்தான், ஆனாலும் முயற்சி செய்கிறவனுக்கு இடம் உண்டு.

நாலாவதைச் சொல்லிவிட்டு அவர் சிரித்த சிரிப்பில் மீன்கடைக்காரர் எட்டிப் பார்த்துவிட்டுப் போனார்.

"மனிசன் செத்தவளுக்கு எத்தினை?" என்று கேட்டேன்.

கேட்ட பிறகுதான் ஏன் கேட்டேன் என்று உறைத்தது. என் கணவர் நடேசன் போய் அப்போது சில வருடங்கள் ஆகியிருந்தன. மிஸ் ஓர்லீன் சிரிப்பை நிறுத்தினார். பொட்டு இல்லாத என் நெற்றியைப் பார்த்தார். அதன் அர்த்தம் அவருக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. ஆனால் தெரிந்தவர் மாதிரிப் பார்த்தார்.

"அவளுக்குக் கொம்பு இல்லை. ஒருத்தரும் அவளைப் பற்றி யோசிக்கேல்லை."

அப்போதுதான் அவருடைய தலையைச் சரியாகக் கவனித்தேன். துணி மட்டமாக, ஒரு நுனியும் வெளியே தெரியாமல் கட்டியிருந்தது.

ரோட்டில் ஒரு கட்டில்

அவர் கிழக்கு இலண்டனில் பார்க்கிங் என்கிற பகுதியில் மகளோடு இருந்தார். என் வீடு அதையும் தாண்டி, செவன் கிங்ஸில். கிழமைக்கு ஒரு நாளாவது பின்னேரம் கடைக்கு வந்து, நான் பூட்டும் வரை ஸ்டூலில் இருந்து தேத்தண்ணீர் குடித்துவிட்டு, பார்க்கிங் வரை என்னோடு பஸ்ஸில் வருவார். மேல் தட்டில், முன் சீட்டில்தான் இருக்க வேண்டும். முழங்கால் வலியை வைத்துக்கொண்டு அந்தப் படிகளில் ஏறுவார். வேண்டாம் என்றால் கேட்கிற சாதி இல்லை.

அவருடைய கதையை நான் கேட்டதெல்லாம் அந்தச் சீட்டில்தான். தீவின் பெயரை எழுத வேண்டாம் என்றார். "சின்ன ஊர். பேர் போட்டால் சண்டைக்கு வருவினம்," என்றார். எங்கள் ஊரும் அப்படித்தான் என்றேன்.

அவருடைய அம்மா வாழைக்குலை சுமந்தவர். குலைகளைத் தலையில் தூக்கிக்கொண்டு துறைமுகத்துக்கு நடந்து கப்பலில் ஏற்றுகிற வேலை. பெண்கள்தான் சுமப்பார்களாம். மெட்ராஸ் துணியின் ஒரு துண்டைச் சுருட்டிச் சும்மாடு வைத்துக்கொள்வார்கள். அந்தச் சும்மாட்டில் வாழைப்பால் காய்ந்த மணம்தான் மிஸ் ஓர்லீனின் முதல் ஞாபகம்.

அவர் படித்து ஒரு சின்னப் பள்ளிக்கூடத்தில் ஆசிரியை ஆனார். படகு கட்டுகிற லூசியன் என்பவரோடு குடும்பம் நடத்தினார். தேவாலயத்தில் வைத்துக் கலியாணம் செய்யவில்லை. அங்கே பலர் அப்படித்தான் இருந்தார்கள். ஒரு விடியலில் லூசியன் தான் கட்டிய படகொன்றை ஓட்டிப் பார்க்கக் கடலுக்குப் போனார். படகும் வரவில்லை, அவரும் வரவில்லை.

துக்கம் முடியுமுன் லூசியனின் சகோதரர்கள் வந்தார்கள். வீடு தங்களுடையது என்றார்கள். சட்டமும் அப்படித்தான் சொன்னது.

"என்ர கட்டிலைத் தூக்கி ரோட்டில வைச்சாங்கள். நான் பிள்ளையை மடியில வைச்சுக்கொண்டு அதில இருந்தன். போற வாற சனமெல்லாம் பாத்தது. ஒருத்தரும் ஒண்டும் சொல்லேல்லை. அவையள் கெட்ட ஆக்கள் இல்லை. அது அங்கத்தை வழமை."

அன்றைக்குப் பின்னேரம் சந்தை முடிந்து திரும்பிய பெண்கள் அந்தக் கட்டிலைக் கண்டு நின்றார்கள். ஒருத்தி கூடையை இறக்கி வைத்துவிட்டு அவர் பக்கத்தில் இருந்தாள். பிறகு இன்னொருத்தி. கட்டிலில் இடம் முடிந்ததும் மற்றவர்கள் ரோட்டிலேயே இருந்தார்கள். இருட்டுமுன் அந்தப் பாதையில் வண்டி போக வழியில்லாமல் போயிற்று. அவருடைய பெண்கள் சங்கம் தொடங்கியது அந்தக் கட்டிலில்தான்.

இதை அவர் சொல்லும்போது பஸ் ஜன்னலில் ஈரம் வழிந்துகொண்டிருக்கும். கடை விளக்குகள் அதில் கரைந்து ஓடும். நாள் முழுவதும் மெஷினில் இருந்த களைப்பில் எனக்குக் கண் சொருகும். அரைத் தூக்கத்தில் அந்தக் கட்டில் எங்கள் ஊர்ப் பனங்காணிப் பக்கம் கிடக்கும். அதில் மிஸ் ஓர்லீன் இருப்பார். சில நாள் நான் இருப்பேன்.

சபாநாயகரும் சந்தைத் துணியும்

பெண்கள் சங்கம் ஊர் ஊராகப் போயிற்று. பிறகு தேர்தல் வந்தது, நின்றார், வென்றார். அந்தத் தீவின் சட்டசபையில் அப்போது பெண்கள் இருப்பது பெரும் புதினம்.

முதல் நாள் அவர் மெட்ராஸ் துணியைக் கொம்பில்லாமல் கட்டிக்கொண்டு போனார். சபாநாயகர் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தாராம். சீமாட்டிகள் தொப்பி போட்டு வரலாம், சந்தைத் துணி சபைக்குப் பொருந்தாது, அவிழ்த்துவிட்டு அமருங்கள் என்றாராம்.

மிஸ் ஓர்லீன் பஸ்ஸில் எழுந்து நின்றே அந்தப் பதிலைச் சொல்லிக் காட்டுவார். பின்னால் இருந்த பள்ளிக்கூடப் பிள்ளைகள் போனை விட்டுவிட்டுப் பார்ப்பார்கள்.

"இதை நான் அவிழ்ப்பன் ஐயா. எனக்கு மனம் வாற அண்டைக்கு. நீங்கள் சொல்லி இல்லை."

சபையை ஒத்திவைத்தார்கள். அடுத்த நாளும் அதே துணியோடு போனார். அதற்கடுத்த நாளும் போனார். பிறகு எவரும் கேட்கவில்லை.

கொஞ்சக் காலம் அமைச்சராகவும் இருந்தார். கட்டிலை ரோட்டில் வைக்க முடியாதபடி ஒரு சட்டம் கொண்டுவந்தார். தாலியோ மோதிரமோ இல்லாவிட்டாலும், ஒரு வீட்டில் குடும்பம் நடத்திய பெண்ணை ஆண் இறந்தவுடன் வெளியே தள்ள முடியாது. அடுத்த தேர்தலில் தோற்றார். ஆண்களுக்கு வீடில்லாமல் செய்தவள் என்று சுவரில் எழுதினார்களாம். "வடிவான கையெழுத்து. நான் படிப்பிச்ச பிள்ளை ஒண்டாத்தான் இருக்கும்," என்றார்.

பிறகு நேர்ஸாக வேலை செய்த மகளோடு இலண்டன். இங்கே அவரை எவருக்கும் தெரியாது. ஆனாலும் துணி இல்லாமல் அவர் வாசலைத் தாண்டியதில்லை. சபையில் சொன்ன அந்த நாள் இன்னும் வரவில்லை என்று நான் பகிடி பண்ணுவேன். அவர் ஜன்னலைப் பார்த்துச் சிரிப்பார்.

மூட்டாத சாரம்

நடேசன் கடைசியாக வாங்கிய சாரம் ஒன்று என் அலுமாரியில் கிடந்தது. சிவப்பும் மஞ்சளும். கடையில் வாங்கும்போது சாரம் நீளத் துணியாகத்தான் வரும். இரண்டு தலைப்பையும் சேர்த்து மூட்டித் தைத்தால்தான் கட்டலாம். வீட்டில் தையல்காரி இருக்க வெளியில் ஏன் கொடுக்க வேண்டும் என்று கொண்டுவந்து வைத்தார். அடுத்த கிழமை ஆஸ்பத்திரி. மூட்டாத சாரம் மடிப்புக் குலையாமல் இருந்தது. அவருடைய மற்றச் சாமான்களைக் கொடுத்த என்னால் அதை மட்டும் கொடுக்க முடியவில்லை.

மிஸ் ஓர்லீனின் பிறந்தநாளுக்கு அதை எடுத்துக்கொண்டு போனேன். ஏன் என்று கேட்டால் எனக்குத் தெரியாது. அந்தத் துணி தானே எழும்பி என் கைப்பைக்குள் வந்து இருந்ததாகத்தான் தோன்றுகிறது.

"இது ஆற்ற சாரம்?" என்று கேட்டார்.

"அவற்ற, என்ர மனிசன்ர. ஒரு நாளும் கட்டேல்லை."

அவர் அதை முகத்தில் வைத்துப் புதுத்துணி வாசத்தை இழுத்தார். அறைக்குள் போய்த் தன் துணியை மாற்றி அதைக் கட்டிக்கொண்டு வந்தார். கொம்பில்லாமல், மட்டமாக. நடேசன் கண்டிருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பார். நானும் சிரித்தேன். பிறகு அழுதேன்.

மச்சாளின் டெலிபோன்

என் மகள் ஆரணிக்குக் கலியாணம் சரிவந்தது. நல்ல பெடியன், நல்ல குடும்பம், எனக்குக் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஒரே ஒரு சங்கதிதான் நெஞ்சில் முள்ளாக இருந்தது.

எங்கள் கலியாணத்தில் தாய் தகப்பன்தான் தாரை வார்ப்பார்கள். பெண்ணின் கையைப் பிடித்து, தண்ணீர் ஊற்றி, மாப்பிள்ளையின் கையில் கொடுப்பது. தாய் விதவை என்றால் மணவறைக்கு ஏறமாட்டாள். சோடியாக இருக்கிற சொந்தக்காரர் வேறு யாராவது செய்வார்கள்.

நடேசனின் அக்கா, என் மச்சாள், ஜெர்மனியில் இருந்து டெலிபோன் எடுத்தார்.

"நீ ஒண்டுக்கும் யோசியாதை. தாரை வாக்க நானும் அத்தானும் வாறம்."

அவர் நல்ல மனதோடுதான் சொன்னார். தம்பி செத்த நாளிலிருந்து எங்களைத் தாங்கிய மனுஷி. நானும் ஓம், அப்படியே செய்யுங்கோ என்றேன்.

ஆரணிதான் சண்டை பிடித்தாள்.

"அம்மா, திஸ் இஸ் சில்லி. நீங்கள்தானே என்னை வளர்த்தது. யூ ஷுட் டூ இட்."

"ஏலாது பிள்ளை. என்ர ராசி உனக்குப் படக்கூடாது."

அவள் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். கதவுக்கு இந்தப் பக்கம் நான் நின்றேன். என் சொந்தப் பிள்ளையின் கையை நான் பிடித்துக் கொடுக்க வேண்டும் என்று எனக்கு எவ்வளவு ஆசை என்று அவளுக்குச் சொல்லவில்லை. ஆசையை விடப் பயம் பெரிதாக இருந்தது. நான் ஏறி, நாளைக்கு அவளுக்கு ஏதும் நடந்தால்? சனம் சொல்வது கிடக்கட்டும். நானே என்னைச் சொல்வேன்.

மிஸ் ஓர்லீனுக்கு இதை பஸ்ஸில் சொன்னேன்.

"ஆர் உன்னை ஏறாதை எண்டது?"

"ஒருத்தரும் சொல்லேல்லை. அது வழமை."

அவர் ஜன்னலில் வழிகிற விளக்குகள் பக்கம் திரும்பினார்.

"என்ர கட்டிலைத் தூக்கி வைச்சதும் அதுதான்," என்றார்.

அதோடு விட்டுவிட்டார். பழைய அரசியல்வாதி. எந்த இடத்தில் பேச்சை நிறுத்த வேண்டும் என்று தெரிந்தவர்.

தூணடி

கலியாணம் பார்க்கிங்கில் ஒரு மண்டபத்தில் நடந்தது. நாதஸ்வரம், மல்லிகைப்பூ, ஓமப்புகை. புகைக்கு அலாரம் அடித்துவிடும் என்று மண்டபத்து மனேஜர் கூரையைப் பார்த்தபடியே நடந்து திரிந்தார். நான் சமையல் நடக்கிற குசினிக் கதவுக்குப் பக்கத்துத் தூணடியில் நின்றேன். அங்கிருந்து ஆரணியின் முதுகும் சடைநாகமும்தான் தெரிந்தன. புகைக்குள் அவள் மிகத் தூரத்தில் இருந்தாள். கரையில் நின்று படகைப் பார்க்கிற மாதிரி இருந்தது.

மிஸ் ஓர்லீன் மஞ்சள் உடுப்பில், நடேசனின் சாரத்தைத் தலையில் கட்டிக்கொண்டு வந்திருந்தார். முன் வரிசையில் இருத்தியிருந்தோம். ஊர் ஆண்கள் இரண்டு பேர் அவருடைய தலையைப் பார்த்து ஒருவரையொருவர் இடித்துக்கொண்டதைக் கண்டேன். மணவறையில் மச்சாளும் அத்தானும் வந்து இருந்தபோது அவர் எழுந்து, பொல்லை ஊன்றி, எல்லோரும் பார்க்க நடந்து தூணடிக்கு வந்தார்.

"இப்ப என்ன செய்யப் போயினம்?"

"பொம்பிளையின்ர கையைக் குடுக்கப் போயினம்."

அவர் பொல்லை என்னிடம் தந்தார். இரண்டு கைகளையும் பிடரிக்குக் கொண்டுபோய் முடிச்சைத் தேடினார்.

"வேண்டாம் மிஸ் ஓர்லீன்," என்றேன்.

"மனம் வாற அண்டைக்கு எண்டு சொன்னனான். இண்டைக்கு வந்திட்டுது."

துணி அவிழ்ந்து இறங்கியது. ஒட்ட வெட்டிய வெள்ளை முடி. காதுக்கு மேலே வெறும் தோல் தெரிந்தது. திடீரென்று சின்ன ஆளாகிவிட்டார். ஒரு சபையே கேட்டுக் கிடைக்காத அந்தத் தலையை, பார்க்கிங்கில் குசினிக் கதவடியில் வைத்து எனக்காகக் காட்டினார்.

சாரத்தை நீளமாக மடித்து என் தோளில் போட்டார். தகப்பன்மார் சால்வை போடுவார்களே, அப்படி.

"உன்ர மனிசன் உன்னோட வாறார். நட."

எப்படி நடந்தேன் என்று தெரியாது. நாதஸ்வரம் தண்ணீருக்கு அடியில் கேட்கிற மாதிரி இருந்தது. துணியில் அவருடைய தலையின் சூடு இருந்தது. தேங்காய் எண்ணெயும் வேறு ஏதோ மரத்து எண்ணெயும் கலந்த மணம். மணவறைப் படியில் கால் வைத்தபோது பயம் போயிருந்தது என்று எழுத ஆசைதான். போகவில்லை. பயத்தோடுதான் ஏறினேன்.

ஐயர் மந்திரத்தை நிறுத்தினார். ஆரணி திரும்பிப் பார்த்து உதட்டைக் கடித்தாள். மச்சாளின் முகம் கறுத்தது.

"மச்சாள், இது அவற்ற சாரம்," என்றேன்.

மச்சாள் துணியைப் பார்த்தார். கையை நீட்டி அதன் ஓரத்தைத் தொட்டார். பிறகு பிடித்தார். தன் தம்பியின் கையைப் பிடித்த மாதிரிப் பிடித்தார்.

"இஞ்சாருங்கோ," என்றார் அத்தானிடம், "எழும்பி இடம் குடுங்கோ."

அத்தான் எழுந்தார். நான் அந்த இடத்தில் இருந்தேன். மச்சாள் செம்பைத் தூக்கினார்.

"தண்ணியை நான் ஊத்திறன். நீ பிள்ளையின்ர கையைப் பிடி."

பிடித்தேன். மருதோன்றி போட்ட, குளிர்ந்த, சின்ன வயதில் ரோட்டுக் கடக்கப் பிடித்த அதே கை. தண்ணீர் என் விரல்களுக்கு மேலால் ஓடி அவள் விரல்களுக்குப் போயிற்று. ஐயர் விட்ட இடத்திலிருந்து மந்திரத்தைத் தொடங்கினார். அலாரம் அடிக்கவில்லை.

பஸ்ஸின் மேல் தட்டு

கலியாணக் களைப்பு ஆறியதும் கடையைத் திறந்தேன். பின்னேரம் ஆவி படிந்த கண்ணாடிக்கு அப்பால் நெடிய உருவம் ஒன்று தெரிந்தது. மிஸ் ஓர்லீன் வெறுந்தலையோடு வந்தார். வெள்ளை முடியில் ஈரத் துளிகள் நின்றன.

சாரத்தைத் தோய்த்து அயன் பண்ணி வைத்திருந்தேன். நீட்டினேன். வாங்கி, என்னை ஸ்டூலில் இருத்தி, என் தலையில் கட்டத் தொடங்கினார்.

"என்ன செய்யிறியள்?"

"அசையாமல் இரு."

கட்டி முடித்துக் கண்ணாடியைக் காட்டினார். எண்ணிப் பார்த்தேன். ஐந்து கொம்பு.

"ஐஞ்சு எண்டு ஒண்டு உங்கட ஊரில இல்லையே?"

"இல்லை. இனி இருக்கு."

அர்த்தம் கேட்டேன். அதை நீதான் சொல்ல வேண்டும் என்றுவிட்டார். மீன்கடைக்காரர் என்னைப் பார்த்துவிட்டு மீனைக் கீழே போட்டார். தெரிந்த தமிழ் ஆட்கள் இரண்டு பேர் பஸ் தரிப்பில் நின்று, அன்ரி சாரத்தைத் தலையில் கட்டியிருக்கிறா என்று ஆங்கிலத்தில் குசுகுசுத்தார்கள். நாங்கள் மேல் தட்டில் முன் சீட்டில் போய் இருந்தோம்.

பார்க்கிங் வருமுன் பக்கத்துச் சீட்டில் ஒரு வயதான கரீபியன் அம்மா வந்து இருந்தார். என் தலையைப் பார்த்தார். உதடு அசைய எண்ணினார். மீண்டும் எண்ணினார்.

"நாலுக்கு எனக்கு அர்த்தம் தெரியும். ஐஞ்சுக்கு என்ன?"

மிஸ் ஓர்லீன் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். வெளியே விளக்குகள் கரைந்து ஓடின.

"மகளைத் தன்ர கையால கட்டிக்குடுத்தவள்," என்றேன்.